ஞாயிற்றுக்கிழமை ஆன்டெனா

உப்பல்
9 அக்டோபர் 2025

அக்காவுக்கு,

நலம், நலமறிய ஆவல் என்றெல்லாம் எழுதும் நிலையில் நான் இல்லை. நீ போனை எடுப்பதில்லை. ஆறு தடவை அடித்தேன். ஏழாவது தடவை அத்திம்பேர் எடுத்தார். "அக்கா இருக்காளா?" என்றேன். "ஹவ்" என்றார். "கூப்பிடறேளா?" என்றேன். பின்னால் ஏதோ குசுகுசுப்பு கேட்டது. பிறகு "இல்லை" என்றார். செகந்திராபாத்தில் பிறந்தவர் ஹவ் என்றால் ஆமாம் என்று உங்கள் வீட்டில் இருந்த பதினோரு வருஷத்தில் கற்றுக்கொண்டிருக்கிறேன். அந்த "இல்லை" யார் சொல்லிக் கொடுத்தது என்பதும் தெரியும். அதனால்தான் கடிதம்.

நடந்தது உனக்குத் தெரியும். ஆனால் உன் வாயில் அது இதற்குள் வேறு கதையாகியிருக்கும். ஆகவே என் தரப்பை எழுதி வைக்கிறேன்.

மார்ச் மாதத்திலிருந்து உன் சாப்பாட்டு மேஜையில் நம் பழைய குவார்ட்டர்ஸைக் கட்டி வைத்திருந்தேன். அட்டையில் சுவர், தீக்குச்சியில் ஜன்னல், மேலே மொட்டை மாடி, மாடியில் அலுமினியக் கம்பியில் டி.வி. ஆன்டெனா. நாலு துணிப் பொம்மைகள். மாடியில் காக்கிச் சட்டையோடு ஆன்டெனாவைத் திருப்புகிற அப்பா. "தெரியறதா?" என்று அவர் கேட்பதை எனக்கும், "தெரியலை" என்று நான் சொல்வதை அவருக்கும் மாடிப்படியில் நின்று கத்துகிற அம்மா. கீழே பாயில், டி.வி. முன்னால், நீயும் நானும்.

பொம்மையை ஒரு நூல் அளவு நகர்த்தி ஒரு ஃபோட்டோ எடுப்பேன். மறுபடி ஒரு நூல், மறுபடி ஒரு ஃபோட்டோ. பன்னிரண்டு ஃபோட்டோ சேர்ந்தால் படத்தில் ஒரு விநாடி. எங்கும் வெட்டில்லாமல் நாலு நிமிஷமும் ஒரே ஓட்டமாக வர வேண்டும் என்பது என் ஆசை. கிட்டத்தட்ட மூன்று நிமிஷம் முடித்திருந்தேன். அதற்கே ஏழு மாதம்.

லென்ஸைப் பழுது பார்க்க இரண்டு நாள் பெங்களூர் போனேன். மேஜையைத் தொடாதே என்று சொல்லிவிட்டுத்தான் போனேன். நீ மேஜையைத் தொடவில்லை. அதன் மேல் இருந்ததையெல்லாம் எடுத்துவிட்டாய்.

விஜயதசமி சாயங்காலம் வந்து பார்க்கிறேன். நாலு பொம்மைக்கும் நெற்றியில் சந்தனம், அதன் மேல் குங்குமம். கேமராவுக்கு ஒன்று. விளக்குக்கு ஒன்று. "சரஸ்வதி பூஜையில வெச்சு எடுத்துட்டேன்டா, இனிமே ஜம்முனு வேலை பண்ணு" என்று சொல்லிப் பாயசம் கொடுத்தாய். திரும்ப வைத்ததாவது சரியாக வைத்தாயா? பெண் பொம்மை, அதாவது நீ, மொட்டை மாடியில் ஆன்டெனாவைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாய். அப்பா, யாரோ துரத்திவிட்ட மாதிரி வாசலுக்கு வெளியே நிற்கிறார். பாயில் பாதி காலி. ஆதாரத்துக்கு போனில் ஒரு படம் எடுத்து வைத்திருக்கிறேன்.

நான் கத்தியது உண்மை. எதிர்வீட்டு விஜயகுமாரி மாமி சுண்டல் வாங்க வந்திருந்ததை நான் பார்க்கவில்லை. அதற்கு மட்டும் வருந்துகிறேன்.

மேஜையோடு கிளம்பி வந்த எனக்கு நண்பர் கிரி இங்கே ஒரு ஷெட்டில் இடம் கொடுத்திருக்கிறார். ஜனவரி 24 அன்று பஞ்சாரா ஹில்ஸில் ஒரு சின்ன அரங்கில் இந்தப் படத்தைத் திரையிடுவதாக ஒப்புக்கொண்டிருந்தேன். இனி படம் ஏது. விலகிக்கொள்கிறேன் என்று எழுதி வைத்துவிட்டேன், அனுப்ப வேண்டியதுதான் பாக்கி.

என் பொத்தான் டப்பா அலமாரியில் இருக்கிறது. அதை அனுப்பு. சாப்பாடு எதுவும் அனுப்ப வேண்டாம்.

அனந்தகிருஷ்ணன்


மேற்கு மாரேட்பள்ளி
14 அக்டோபர் 2025

சிரஞ்சீவி அனந்துவுக்கு அக்காவின் ஆசீர்வாதம்.

போனை நான்தான் எடுக்கவில்லை. போனில் நீ குறுக்கே பேசுவாய். கடுதாசியில் குறுக்கே பேச வழியில்லை. இதுவே எனக்கு வசதி, இப்படியே இருக்கட்டும்.

வேலை செய்கிற சாமானைப் பூஜையில் வைக்காமல் வேறு எதை வைப்பது? எனக்குப் புஸ்தகம், அத்திம்பேருக்கு அவருடைய பழைய ஸ்லைடு ரூல், உனக்கு அந்தப் பொம்மைகள். உன் பிழைப்பை விட்டுவிட்டு மற்றதையெல்லாம் அம்பாள் முன்னால் வைத்தால் நன்றாகவா இருக்கும்? அப்பா ஸ்கூட்டருக்கு வைப்பார், பாக்டரியில் தன் மெஷினுக்கு வைப்பார், வீட்டு டி.வி.க்கும் வைப்பார். அந்தக் கண்ணாடியில் குங்குமம் காய்ந்து ஒட்டிக்கொண்டு, செய்தி வாசிக்கிற ஆண்பிள்ளைகளுக்கெல்லாம் ஒரு வாரம் பொட்டு இருந்ததே, அதை உன் படத்தில் வைத்தாயா?

ஆனாலும் ஒரு நூல் நகர்ந்தால் படம் போய்விடும் என்பது எனக்கு உறைக்கவில்லை. நீ தினம் எல்லாவற்றையும் நகர்த்திக்கொண்டுதானே இருக்கிறாய் என்று நினைத்தேன். அது என் தப்புதான். ஒப்புக்கொள்கிறேன்.

கத்தினேன் என்று எழுதினாயே, என்ன கத்தினாய் என்பதை எழுதவில்லை. நான் எழுதுகிறேன். "நான் என்ன பண்றேன்னு ஒரு நாளாவது உனக்குப் புரிஞ்சிருக்கா? கையை வெச்சுக் கெடுக்கத்தான் தெரியும்." மாமி சுண்டலைக் கூட வாங்காமல் போய்விட்டாள். பதிலுக்கு நானும் ஐம்பது வயதை நெருங்குகிறவன் பொம்மை விளையாடுகிறான் என்று ஏதோ சொன்னேன். அது கோபத்தில் வந்தது. உன்னுடையது கோபத்தில் வந்த மாதிரி இல்லை, ரொம்ப நாளாக வைத்திருந்த மாதிரி இருந்தது. அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

இன்னொன்று. ஸ்டோர்ஸில் முப்பத்து மூன்று வருஷம் குப்பை கொட்டினேன். ஒரு போல்ட்டை எந்தத் தட்டிலிருந்து எடுத்தேனோ அந்தத் தட்டில்தான் வைத்திருக்கிறேன். பொம்மைகளையும் அவை இருந்த இடத்தில்தான் வைத்தேன்.

மேஜையை நீ தூக்கிக்கொண்டு போய்விட்டதால் நாங்கள் சமையலறையில் ஸ்டூலில் தட்டை வைத்துச் சாப்பிடுகிறோம். ஏழு மாதமாக அப்படித்தான் என்பதால் பெரிய வித்தியாசம் இல்லை. ஆனால் இப்போது முன் அறையில் மேஜை இருந்த இடம் வெறுமனே கிடக்கிறது. அத்திம்பேர் அதைச் சுற்றிக்கொண்டுதான் இன்னமும் நடக்கிறார்.

பொத்தான் டப்பா அனுப்பியிருக்கிறேன். கூட இருப்பது மிளகாய்ப் பொடி. அது சாப்பாட்டில் சேராது.

கல்பகம்


உப்பல்
18 அக்டோபர் 2025

அன்புள்ள அக்கா,

மிளகாய்ப் பொடி தீர்ந்துவிட்டது. தகவலுக்காகச் சொல்கிறேன்.

பக்கத்து ஷெட்டில் பிரசாத் என்று ஒருவர் லேத் ஓட்டுகிறார். அவர் மெஷினைப் போட்டால் என் அட்டை வீடு முழுவதும் நடுங்குகிறது. அவர் டீ குடிக்கப் போனால்தான் இங்கே ஒரு பொம்மை நிம்மதியாக நிற்கும். நேற்று எட்டிப் பார்த்து, "என்ன சார், வீட்டுக்குள்ள பூகம்பமா?" என்றார் தெலுங்கில். வீட்டில் வந்த பூகம்பத்தால்தான் இங்கே வந்தேன் என்றேன். அவருக்குச் சிரிப்பு வந்தது. எனக்கும் கொஞ்சம் வந்தது.

நான் சொன்னது ரொம்ப நாளாக வைத்திருந்த மாதிரி இருந்தது என்று எழுதியிருந்தாய். யோசித்துப் பார்த்தேன். ஒருவேளை வைத்திருந்தேனோ என்னவோ. யார் வந்தாலும் "தம்பி கம்ப்யூட்டர்ல ஏதோ பண்றான்" என்றுதான் சொல்வாய். கம்ப்யூட்டரில் செய்யாமல் இருக்கத்தானே, அக்கா, நான் இந்தப் பாடு படுகிறேன்.

பொம்மைகள் இருந்த இடத்தில்தான் வைத்தேன் என்று சாதிக்கிறாய். இரண்டாயிரம் ஃபோட்டோ இருக்கிறது என்னிடம். எல்லாவற்றிலும் அப்பா மாடியில், நீ பாயில். இதில் வாதாட என்ன இருக்கிறது?

நான் ஏன் இவ்வளவு குதித்தேன் என்று உனக்குச் சொல்ல வேண்டும். அப்பா போகும்போது எனக்குப் பதினொன்று. உனக்கு அவர் நிறைய இருக்கிறார். எனக்கு இருப்பது கொஞ்சம். ஸ்கூட்டர் வாசனை, ஷேவிங் சோப்பு, அப்புறம் டி.வி.யில் படம் போடுகிற அந்த ஞாயிற்றுக்கிழமை. ஒரு தடவை ஜன்னல் வழியாகத் தலையை நீட்டி மேலே பார்த்தேன். மொட்டை மாடி விளிம்பில் ஒரு காக்கிச் சட்டைக் கை ஆன்டெனாக் குழாயைப் பிடித்திருந்தது. எனக்காக இவ்வளவு நேரம் அப்பா அங்கே நிற்கிறார் என்று நினைத்தேன். படம் பார்ப்பதை விட அது எனக்குச் சந்தோஷமாக இருந்தது. நான் இந்தத் தொழிலுக்கு வந்ததே அந்தக் கையால்தான் என்று பேட்டி எடுத்தவர்களிடமெல்லாம் சொல்லியிருக்கிறேன். நீ அந்தக் கையை மாடியிலிருந்து இறக்கி வாசலில் நிற்க வைத்துவிட்டாய்.

விலகல் கடிதம் இன்னும் பையில்தான் இருக்கிறது. தீபாவளிக்கு நான் வரவில்லை. அத்திம்பேருக்கு நமஸ்காரம்.

அனந்து


மேற்கு மாரேட்பள்ளி
24 அக்டோபர் 2025

அன்புள்ள அனந்து,

தீபாவளி ஆயிற்று. உனக்கு எடுத்த வேஷ்டி மடித்தபடி இருக்கிறது. லேகியம் கிளறினேன், நீதான் பாதியை வழித்துத் தின்பாய், இந்த வருஷம் அப்படியே மிஞ்சிவிட்டது.

இந்தக் கடுதாசியை இரண்டு தடவை எழுதிக் கிழித்துவிட்டேன். அத்திம்பேரிடம் "அவனுக்குச் சொல்லட்டுமா?" என்று கேட்டேன். "ஹவ்" என்றார். "அவனுக்குக் கஷ்டமா இருக்குமோ?" என்றேன். அதற்கும் "ஹவ்" என்றார். அவரை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வது. நீ பேட்டியில் சொன்னதையெல்லாம் படித்திருக்கிறேன். அதனால்தான் இத்தனை வருஷமும் வாயைத் திறக்கவில்லை. ஆனால் நீ படத்தையே விட்டுவிடுகிறேன் என்று நிற்கும்போது வாயை மூடிக்கொண்டிருப்பது சரியில்லை.

அந்தக் கை அப்பாவுடையது இல்லை, அனந்து. என்னுடையது.

அப்பாவுக்கு வார லீவு செவ்வாய்க்கிழமை. ஞாயிறு எப்போதும் செகண்ட் ஷிப்ட். மத்தியானம் ஒன்றரைக்குக் கம்பெனி பஸ் வரும். உனக்கு அப்போது ஆறு ஏழு வயது, எந்த நாளில் எந்த ஷிப்ட் என்று உனக்கு எப்படித் தெரியும். சாயங்காலம் படம் போடும் நேரத்தில் வீட்டில் இருந்தது நாம் மூன்று பேர்தான். அம்மாவுக்கு உயரம் என்றால் தலை சுற்றும், அவள் படியோடு சரி. ஆன்டெனாக் குழாயின் பிடிப்புக் கழன்றிருந்தது. திருப்பிவிட்டுக் கையை எடுத்தால் தானாகத் திரும்பிக்கொள்ளும், கீழே படம் போய்விடும். அதனால் படம் முடிகிற வரைக்கும் ஒருத்தர் பிடித்துக்கொண்டே நிற்க வேண்டும். அந்த ஒருத்தர் நான். எனக்குப் பதினாறு வயது.

உன் மேஜையில் என்னைப் பாயில் உன் பக்கத்தில் உட்கார வைத்திருந்தாய். ஏழு மாதமும் அதைத் தாண்டித்தான் சமையலறைக்குப் போவேன், வருவேன். பார்க்க நன்றாக இருந்தது. நான் அந்தப் பாயில் ஒரு ஞாயிற்றுக்கிழமை கூட உட்கார்ந்ததில்லை. இவனாவது நம்மை உட்கார வைத்தானே என்று இருக்கும். அதனாலும் சொல்லவில்லை.

பூஜை முடிந்து பொம்மைகளைத் திரும்ப வைத்தபோது நான் வேண்டுமென்று எதுவும் செய்யவில்லை. பாயை மனதில் வைத்துக்கொண்டுதான் எடுத்தேன். கை தானாக மாடிக்குப் போயிற்று. வைத்த பிறகுதான் பார்த்தேன். சரியாக இருந்ததால் விட்டுவிட்டேன். அப்பாவை யாரும் துரத்தவில்லை. அவர் ஷிப்ட் பஸ்ஸுக்கு நிற்கிறார்.

இன்னொன்றையும் எழுதிவிடுகிறேன், இல்லாவிட்டால் உனக்கு அப்பா முழுசாகப் போய்விடுவார். அந்தச் சட்டை அப்பாவுடையதுதான். முதல் ஞாயிறு நான் மாடிக்குப் போனதை அம்மா அப்பாவிடம் சொல்லியிருக்கிறாள். அடுத்த வாரம் பஸ்ஸுக்குக் கிளம்பும்போது, தன் பழைய யூனிபாரத்தை எடுத்து என்னிடம் கொடுத்தார். "மேல காத்தடிக்கும், இதைப் போட்டுக்கோ. அவன் ஆசையாப் பாக்கறான்" என்றார். அவ்வளவுதான் பேசினார். ஆகவே நீ பார்த்தது என் கை, அப்பாவின் சட்டை.

எனக்கு இதில் யார் மேலும் குறை இல்லை. ஒரே ஒரு விஷயம்தான். "தெரியறது" என்று நீ கீழே கத்துவாய். அம்மா அதை மேலே கத்துவாள். அதற்குப் பிறகு இரண்டரை மணி நேரம் யாரும் எதுவும் கத்த மாட்டீர்கள். படம் முடிந்தது, இறங்கி வா என்று சொல்லக் கூட ஒருவருக்கும் ஞாபகம் வராது. பாட்டுச் சத்தம் நின்று நீ தட்டோடு சாப்பிட உட்கார்ந்துவிட்டாய் என்று ஜாடையாகத் தெரிந்துகொண்டு நானே இறங்குவேன்.

இதைப் படித்துவிட்டு ஓடி வராதே. ஆற அமர யோசி.

அக்கா


உப்பல்
2 நவம்பர் 2025

அன்புள்ள அக்கா,

ஓடி வரவில்லை. உட்கார்ந்தேன். இரண்டு நாள் உன் மேல் கோபமாக இருந்தேன், இருந்த ஒரு அப்பாவையும் எடுத்துக்கொண்டு போய்விட்டாய் என்று. மூன்றாம் நாள் சட்டையைப் பற்றி எழுதியிருந்த பாராவை மறுபடி படித்தேன். "அவன் ஆசையாப் பாக்கறான்." அப்பா என்னைப் பற்றி ஏதாவது சொன்னார் என்று இன்றுவரை யாரும் எனக்குச் சொன்னதில்லை. ஷெட்டிலேயே உட்கார்ந்து அழுதேன். பிரசாத் மெஷினை நிறுத்திவிட்டு ஓடி வந்தார். குங்குமம் கண்ணில் பட்டுவிட்டது என்றேன். நம்பவில்லை, ஆனாலும் தண்ணீர் கொடுத்தார்.

அக்கா, நான் அன்று கத்தியது தப்பு. நான் என்ன பண்றேன் என்று உனக்குப் புரியாது என்றேன். அது உனக்குப் புரிந்த அளவு எனக்கே புரியவில்லை. படம் வர வேண்டுமென்றால் ஒருத்தர் ஆடாமல் அசையாமல் கையை வைத்துக்கொண்டு நிற்க வேண்டும். அதைத்தான் நானும் செய்கிறேன், உன்னை விட மோசமாக. மன்னித்துவிடு. விஜயகுமாரி மாமியிடமும் நான் நேரில் வந்து சொல்கிறேன்.

உன் குற்றத்துக்கு ஆதாரம் என்று போனில் எடுத்த படத்தை இப்போது தினம் பார்க்கிறேன். மாடியில் ஆன்டெனாவோடு நீ, நெற்றியில் இவ்வளவு பெரிய குங்குமத்தோடு. என் இரண்டாயிரம் ஃபோட்டோவிலும் இவ்வளவு உயிரோடு ஒரு பொம்மை நின்றதில்லை.

விலகல் கடிதத்தைக் கிழித்துவிட்டேன். முன்னால் எடுத்ததைத் தூக்கிப் போடப் போவதில்லை. அது நான் நினைத்துக்கொண்டிருந்தது, அப்படியே இருக்கட்டும். நீ கை வைத்த இடத்தில் திரையில் புள்ளி புள்ளியாய் வந்து படம் போகும், ஞாயிற்றுக்கிழமை போகுமே அந்த மாதிரி. கறுப்புத் துணியில் ரவையைத் தூவி அதை எடுக்கப்போகிறேன். திரும்பப் படம் வரும்போது எல்லாரும் நீ வைத்த இடத்தில் இருப்பார்கள். இன்னும் ஒரு நிமிஷத்துக்கு மேல் பாக்கி. ஒரு நாளைக்குப் பத்து ஃபோட்டோ வீதம் எடுத்தால் ஜனவரிக்குள் வந்துவிடும்.

ஆனால் எனக்கு ஒன்றும் தெரியாது, நீதான் சொல்ல வேண்டும். குழாயை எந்தக் கையால் பிடிப்பாய்? எந்தக் கால் முன்னால்? பின்னல் ஒன்றா இரண்டா? சட்டைக் கையை மடித்துவிடுவாயா, தொங்கவிடுவாயா? கை வலித்தால் என்ன செய்வாய்? அங்கிருந்து என்ன தெரியும்?

அனந்து


மேற்கு மாரேட்பள்ளி
7 நவம்பர் 2025

அன்புள்ள அனந்து,

ஸ்டோர்ஸில் சாமான் கேட்டு இன்டென்ட் போட்ட மாதிரி கேட்டிருக்கிறாய். வரிசையாகச் சொல்கிறேன்.

இடது கையால் குழாயைத் தோளோடு சேர்த்துக் கட்டிக்கொள்வேன். வலது கை கீழே, கம்பி தொங்கும் இடத்தில். வலது கால் முன்னால், அடிச் செங்கல்லை மிதித்தபடி. ஒற்றைப் பின்னல், அதைக் காலருக்குள் செருகிக்கொள்வேன், இல்லாவிட்டால் காற்றில் கம்பியில் மாட்டும். சட்டைக் கை நாலு மடிப்பு. வலது பாக்கெட்டில் வேர்க்கடலை. கை வலித்தால் முதுகைக் கொடுத்துச் சாய்ந்துகொள்வேன். பாட்டு வரும்போது கீழேயிருந்து நன்றாகக் கேட்கும், காலால் தாளம் போடுவேன். ஹீரோயின் முகம் தெரியாதே தவிர பாட்டெல்லாம் எனக்குப் பாடம்.

அங்கிருந்து என்ன தெரியும் என்று கேட்டாய். பட்டான்செரு பக்கம் பாறைகள், பாக்டரிப் புகைபோக்கி, அதற்குப் பின்னால் சூரியன் போவது. அப்புறம் நம் லைனில் எல்லா மாடியிலும் ஒருத்தர். நமக்கு மட்டுமா பிடிப்புக் கழன்றிருந்தது. எதிர் மாடியில் செல்லப்பா சாரின் பெண் அவள் அண்ணன் சட்டையில் நிற்பாள். கை காட்டுவாள். கடலையைக் காட்டுவேன். எறிந்தால் பாதி வழியில் விழும். கீழே உங்களுக்கு ஒரு படம் ஓடிற்று என்றால் மேலே எங்களுக்கு வேறொன்று ஓடிற்று.

அதனால் ஒன்று சொல்கிறேன், கேட்டுக்கொள். நான் சந்தோஷமாகத்தான் இருந்தேன். உன் படத்தில் என்னை அழுமூஞ்சியாக எடுத்து வைத்து, பார்க்கிறவர்கள் உச்சுக் கொட்டும்படி செய்துவிடாதே.

பொத்தான் டப்பாவைக் கிளறிப் பார். பழுப்பாக இரண்டு பெரிய பொத்தான் இருக்கும். அப்பாவின் சட்டை கிழிந்து அடுப்பில் பிடிதுணியாகி அதுவும் போய்விட்டது. அவை அதிலிருந்து அம்மா வெட்டி வைத்தவை.

மிளகாய்ப் பொடி இரண்டு பாட்டில். லேகியமும் வைத்திருக்கிறேன், காரியத்தில் கண்ணாயிருந்து வயிற்றைக் கெடுத்துக்கொள்ளாதே.

அக்கா


உப்பல்
14 டிசம்பர் 2025

அன்புள்ள அக்கா,

நேற்று அத்திம்பேர் போளியோடு வந்தார். பாங்குக்குப் போகிறேன் என்று உன்னிடம் சொல்லிவிட்டு வந்தாராம். இரண்டாவது சனிக்கிழமை பாங்கு ஏது என்று நீ கேட்கவில்லையா? ஸ்டூலில் அரைமணி நேரம் உட்கார்ந்து, நான் உன்னை நாலு ஃபோட்டோ தூரம் திருப்புவதைப் பார்த்தார். கிளம்பும்போது மாடியைக் காட்டி, "அவதான்" என்றார். அவர் ஒரே நாளில் பேசியதில் அது நீளம்.

பிரசாத்தின் லேத் நடுக்கத்தோடு ஒரு வாரம் மல்லுக்கட்டினேன். பிறகு ஒரு நாள் எடுத்ததை ஓட்டிப் பார்த்தால் ஆன்டெனா மட்டும் லேசாக நடுங்குகிறது, மேலே காற்றடிக்கிற மாதிரி. அப்பா சொன்ன அதே காற்று. இப்போது மெஷின் ஓடும்போதுதான் உன்னை எடுக்கிறேன். அவர் டீக்குப் போனால் நானும் போய்விடுகிறேன். ஆன்டெனா அடியில் பிடிப்பு லூசாக இருப்பதைப் பார்த்துவிட்டு ஸ்பானரோடு வந்துவிட்டார். "நக்கோ, வேண்டாம் பிரசாத் காரு, அது லூசாத்தான் இருக்கணும்" என்று கையைப் பிடித்துத் தடுக்க வேண்டியதாயிற்று. கதையைச் சொன்னேன். ஸ்பானரை எடுத்துக்கொண்டு போனவர், மத்தியானம் தன் அக்காவுக்கு நல்கொண்டாவுக்கு போன் போட்டுக்கொண்டிருந்தார்.

குங்குமத்தை யாருக்கும் அழிக்கவில்லை. கேமராவில் நீ வைத்ததும் அப்படியே இருக்கிறது. பழுப்புப் பொத்தான் கிடைத்தது. பொம்மைச் சட்டைக்கு அது ரொம்பப் பெரியது, ஒரு பொத்தான் உன் வயிற்றில் பாதியை மறைக்கிறது. பரவாயில்லை என்று தைத்துவிட்டேன்.

அழுமூஞ்சி இல்லை. கடலை தின்கிறாய். காலால் தாளம் போடுகிறாய், அதற்கு மட்டும் நாலு நாள் ஆயிற்று.

முடிவை மட்டும் சொல்ல மாட்டேன். ஜனவரி 24, சனிக்கிழமை, மாலை ஐந்து மணி. அனுமதிச் சீட்டு இரண்டு வைத்திருக்கிறேன். முன் வரிசை. முடிகிற வரைக்கும் எழுந்திருக்கக் கூடாது, அவ்வளவுதான் நிபந்தனை.

அனந்து


மேற்கு மாரேட்பள்ளி
25 ஜனவரி 2026

அன்புள்ள அனந்து,

நேற்று வந்தோம், பார்த்தோம், உன்னிடம் ஒரு வார்த்தை பேசாமல் ஆட்டோ பிடித்து வந்துவிட்டோம். நீ பின்னால் படம் ஓட்டுகிற மெஷின் பக்கத்தில் நின்றுகொண்டு என் பின்னந்தலையையே பார்த்துக்கொண்டிருந்தது தெரியும். திரும்பியிருந்தால் அழுதிருப்பேன். பட்டுப் புடவை கட்டிக்கொண்டு நூறு பேர் நடுவில் என்னால் அது முடியாது. வீட்டுக்கு வந்து சௌகரியமாக அழுதேன்.

முதல் மூன்று நிமிஷம் பாயில் உன் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். நன்றாக இருந்தது. அப்பா மாடியில் நின்றார், அதுவும் நன்றாகத்தான் இருந்தது. அப்புறம் ரவை வந்தது. பின் வரிசையில் யாரோ படம் போய்விட்டது என்று முணுமுணுத்தார்கள். எனக்கு இடது தோள் வலித்தது. நிஜமாகவே வலித்தது, அனந்து. எழுந்து போய்த் திருப்பிவிட்டு வரலாமா என்று கால் பரபரத்தது. அத்திம்பேர் என் கையைப் பிடித்து உட்கார வைத்தார்.

திரும்பப் படம் வந்தபோது அப்பா பஸ்ஸுக்கு நின்றார். நான் மாடியில் கடலை தின்றேன். தாளம் போட்டபோது அரங்கமே சிரித்தது. வயிற்றில் அவ்வளவு பெரிய பொத்தானை வைத்துத் தைத்திருக்கிறாய், கர்ப்பிணி மாதிரி இருந்தது, அதற்கு உன்னைத் தனியாகக் கேட்கிறேன்.

நீ வந்து கூப்பிடுவாய் என்று அதற்குள் ஊகித்துவிட்டேன். நீ டி.வி.யை விட்டு எழுந்து, அம்மாவைத் தாண்டிப் படியேறி வந்தபோது, "அக்கா, இறங்கி வா" என்று சொல்லிவிட்டு ஓடிவிடுவாய் என்றுதான் நினைத்தேன். அதுவே எனக்குப் போதும் என்றிருந்தது. நீ ஒன்றும் சொல்லவில்லை. என் பக்கத்தில் வந்து நின்று, அந்தச் சின்னக் கை இரண்டையும் குழாயில் வைத்தாய். நான் கையை எடுத்தேன். ஆன்டெனா அசையவில்லை. சட்டையைக் கழற்றி உன் மேல் போட்டேன், அது உனக்குப் பாதம் வரை வந்தது. படியிறங்கினேன், பாயில் உட்கார்ந்தேன். டி.வி. வெளிச்சம் என் முகத்தில் விழுந்தது. நெற்றியில் நான் எனக்கே வைத்துவிட்ட குங்குமம். மேலேயிருந்து உன் குரலில் "தெரியறதா?" என்று கேட்டது. படியில் அம்மா திரும்பி என்னைப் பார்த்தாள். அதோடு நிறுத்திவிட்டாய். விளக்கைப் போட்டுவிட்டார்கள்.

வீட்டுக்கு வந்ததும் விஜயகுமாரி மாமி எப்படி இருந்தது என்று கேட்டாள். "என் தம்பி கையாலேயே பண்ணின படம், ஒவ்வொண்ணா நகத்தி நகத்தி, விநாடிக்குப் பன்னிரண்டு" என்று சொன்னேன். சரியாகச் சொன்னேனா?

முன் அறையைப் பெருக்கி வைத்திருக்கிறேன். மேஜை வந்தால் அதே இடத்தில் போடலாம். அடுத்த படத்துக்கும் அது உனக்குத்தான், எங்களுக்கு ஸ்டூல் பழகிவிட்டது. அடுத்த பூஜைக்குப் பொம்மைகளை எடுக்க மாட்டேன், இருக்கிற இடத்திலேயே பொட்டு வைப்பேன். அதற்கு மேல் விட்டுக்கொடுக்க முடியாது.

நேற்று நீ "தெரியறதா?" என்று கேட்டதற்குப் பதில் சொல்லாமலே வந்துவிட்டேன். தெரியறதுடா. நன்னாத் தெரியறது. உன் படம் முடிந்துவிட்டது, ஆனால் நீ இன்னும் அந்தச் சட்டையோடு மாடியில்தான் நிற்கிறாய். எவ்வளவு நேரம் பிடித்துக்கொண்டிருப்பாய், தோள் வலிக்கும். போதும், இறங்கி வா.

அக்கா